பூச்சியை ஒட்டி வைத்த நோட்டு

போன முந்திரி சீசன்ல நடந்த விஷயம் இது. எங்க ஊர் ஆண்டிமடம். மார்ச் ஆரம்பிச்சா மே வரைக்கும் சுத்துப்பட்டு ஊர் எல்லாத்துலயும் முந்திரிதான் பேச்சு. என் பெரியப்பா தோப்பு தோப்பா போய் முந்திரிக்கொட்டை வாங்கி மொத்தமா விற்கிறவர். எடை போட்ட உடனே ஒரு நீள நோட்டுல பேர், மூட்டை, கிலோ, கொடுத்த பணம், பாக்கி எல்லாம் எழுதுவார். அந்த நோட்டை அப்படியே ஒரு ஆண்ட்ராய்டு ஆப்பா மாத்தினேன். மினி புராஜெக்ட்னு காலேஜ்லயும் காட்டியாச்சு, பெரியப்பா போன்லயும் போட்டுக் கொடுத்தாச்சு. ஒரே கல்லுல ரெண்டு மாங்கா.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம் ஒரு அக்கா கணக்கு முடிக்க வந்தாங்க. ரெண்டு தடவை எடை போட்டதா சொன்னாங்க. ஆப்ல ஒரு தடவைதான் இருந்துச்சு. பெரியப்பா என்னைப் பார்த்தார், நான் போனைப் பார்த்தேன். படிச்ச பிள்ளை செஞ்ச ஆப் பொய் சொல்லாதுன்னு அவருக்கு நம்பிக்கை. அந்த அக்கா முகமே மாறிடுச்சு. வெயில்ல குனிஞ்சு பொறுக்கின கொட்டையை இல்லைன்னு சொன்னா யாருக்குத்தான் மாறாது? நல்ல வேளை, பழக்க தோஷத்துல பெரியப்பா நோட்டு எழுதுறதை நிறுத்தவே இல்ல. புரட்டிப் பார்த்தா ரெண்டாவது எடையும் இருந்துச்சு. பணத்தைக் கொடுத்து அனுப்பிட்டு, போன்ல தட்டினது எங்கே போச்சுன்னு என்னைக் கேட்டார். எனக்குப் பதில் தெரியல.

அன்னைக்கு நைட் போனை லேப்டாப்ல மாட்டி லாக்கேட்டைத் திறந்தேன். போனுக்குள்ள நடக்கிறதை எல்லாம் வரி வரியா எழுதிக்கிட்டே இருக்கிற இடம் அது. எழுதுறது என் ஆப் மட்டும் இல்ல. கேமரா, வைஃபை, பேட்டரி, போன் கம்பெனிக்காரன் போட்டு அனுப்பினது எல்லாமே சேர்ந்து எழுதும். சந்தைக்கடை மாதிரி. அந்த இரைச்சலுக்கு நடுவுல சிவப்பு கலர்ல ஒரு வரி வந்துக்கிட்டே இருந்துச்சு: ஓபன்ஜிஎல் ரெண்டரர், ஸ்வாப் பிஹேவியர் பொருந்தலைன்னு. சிவப்புன்னா அதுதானே குற்றவாளி? ரெண்டு நாள் அது பின்னாடி அலைஞ்சேன். பல போன்கள்ல, எமுலேட்டர்கள்ல சும்மாவே வந்துட்டுப் போற வரி அதுன்னு அப்புறம்தான் தெரிஞ்சுது. அதுக்குக் கொஞ்சம் கீழே, என் ஆப்போட பேர்ல, மங்கலா இன்னொரு வரி: எரர் 2. அவ்வளவுதான். அதை எழுதினது யாரு? நான்தான். 2ன்னா என்ன அர்த்தம்? சத்தியமா ஞாபகம் இல்ல.

அந்தக் கடுப்புலதான் இந்த லாக், பக் எல்லாம் எங்க இருந்து வந்துச்சுன்னு தேடப் போய் கிரேஸ் ஹாப்பர்கிட்ட மாட்டினேன். கம்ப்யூட்டருக்குள்ள பூச்சி பிடிச்ச அம்மான்னு நம்ம எல்லாருக்கும் ஒரு வரியில தெரியும். அந்த ஒரு வரியே பாதி தப்பு.

கிரேஸ் புரூஸ்டர் மரே நியூயார்க்கில் 1906 டிசம்பர் 9 அன்று பிறந்தார். ஏழு வயதில் அலாரம் கடிகாரம் எப்படி ஓடுகிறது என்று பார்க்க ஒன்றைக் கழற்றினார். திரும்ப மாட்டத் தெரியவில்லை. எப்படி மாட்டியிருக்கிறார்கள் என்று பார்க்க அடுத்ததைக் கழற்றினார். அம்மாவுக்கு விஷயம் தெரிவதற்குள் வீட்டில் இருந்த ஏழு கடிகாரமும் துண்டு துண்டாகக் கிடந்தன. அதற்கு அப்புறம் ஒரே ஒரு கடிகாரத்தைத்தான் அவர் கையில் கொடுத்தார்களாம்.

வாஸர் கல்லூரி நுழைவில் லத்தீன் பாடத்தில் தோற்று ஒரு வருஷம் காத்திருந்து சேர்ந்தார். (அரியர் வச்சிருக்கிற நண்பர்கள் குறித்துக்கொள்ளவும்.) 1928-ல் கணிதம், இயற்பியல் பட்டம். 1930-ல் வின்சென்ட் ஹாப்பரைக் கல்யாணம் செய்துகொண்டார். 1945-ல் விவாகரத்து ஆனது, ஆனால் ஹாப்பர் என்ற பெயரைக் கடைசி வரை விடவில்லை. 1934-ல் யேல் பல்கலைக்கழகத்தில் கணிதத்தில் டாக்டர் பட்டம். வாஸரிலேயே வாத்தியார் வேலை. அப்படியே இருந்திருந்தால் நமக்கு அவர் பெயர் தெரிந்திருக்காது.

இரண்டாம் உலகப் போர் வந்தது. அவருடைய கொள்ளுத்தாத்தா கடற்படையில் அட்மிரலாக இருந்தவர். இவருக்கும் கடற்படைதான் வேண்டும். வயது கூடுதல், எடை குறைவு, தவிர கணித ஆசிரியர் வேலையே நாட்டுக்கு முக்கியம் என்று சொல்லித் தட்டிக் கழித்தார்கள். விடாமல் மோதி 1943 டிசம்பரில் கடற்படை ரிசர்வில் சேர்ந்தார். பயிற்சியில் முதலிடம். 1944 ஜூலையில் ஹார்வர்டுக்கு அனுப்பினார்கள். அங்கே ஹோவர்ட் ஐக்கன் என்ற கடுகடு ஆசாமியிடம் ஒரு யந்திரம் இருந்தது. 51 அடி நீளம், 8 அடி உயரம், பெயர் மார்க் 1. போய்ச் சேர்ந்த அன்றே ஐக்கன், ஆர்க்-டேஞ்சென்டுக்கான கெழுக்களை அடுத்த வியாழக்கிழமைக்குள் இதில் கணக்கிட்டுத் தர வேண்டும் என்று சொல்லிவிட்டார். அதுவரை கம்ப்யூட்டர் என்ற ஒன்றை நேரில் பார்க்காத 37 வயது கணித வாத்தியார் புரோகிராமர் ஆனது இப்படித்தான்.

மார்க் 1-க்கு புரோகிராம் என்றால் காகித டேப்பில் குத்திய ஓட்டைகள். தப்பான இடத்தில் ஓட்டை விழுந்துவிட்டால் அதன் மேல் துண்டுக் காகிதம் ஒட்டி அடைப்பார்கள். சைக்கிள் டியூப் பஞ்சர் மாதிரி. நாம் இன்றைக்கு பேட்ச் விடுகிறோம் இல்லையா, அவர்களுக்கு அது நிஜமாகவே ஒட்டுப்போடுவதுதான்.

கொஞ்ச நாளில் ஐக்கன் இன்னொரு வேலை கொடுத்தார்: யந்திரத்துக்கு ஒரு கையேடு எழுத வேண்டும். தினமும் எழுதியதை ஐக்கனுக்குப் படித்துக் காட்டி, திட்டு வாங்கித் திருத்தி, 1946-ல் 561 பக்கப் புத்தகமாக வெளிவந்தது. நான் இந்த இடத்தில்தான் கொஞ்ச நேரம் நின்றேன். டாகுமென்டேஷன் என்றால் சப்மிஷனுக்கு முந்தின நாள் நைட் எழுதுவது என்று நினைக்கிற கூட்டம் நாம. அவர் எழுதியது, அந்த அறைக்குள் வராத ஒருத்தருக்கும் அந்த யந்திரம் புரிய வேண்டும் என்பதற்காக.

அதே நாட்களில் அவருக்கு இன்னொரு விஷயமும் பிடிபட்டது. அவரும் உடன் வேலை செய்த ரிச்சர்ட் பிளாக்கும் நோட்டு வைத்திருந்தார்கள். ஏற்கெனவே சரியாக ஓடிய புரோகிராம் துண்டுகளை அதில் எழுதி வைப்பார்கள். சைன் கண்டுபிடிக்க ஒரு துண்டு வேண்டுமென்றால் இவர் நோட்டிலிருந்து அவர் பார்த்து எழுதிக்கொள்வார். நம்ம பாஷையில் காப்பி பேஸ்ட். பார்த்து எழுதும்போது எண் மாறும், கூட்ட வேண்டிய இடத்தில் கூட்ட மறந்து போகும். மனுஷனுக்குப் பார்த்து எழுதவும் வராது, தப்பில்லாமல் கூட்டவும் வராது. யந்திரத்துக்கு அது ரெண்டு மட்டும்தான் வரும். இந்த எண்ணத்தை அவர் விடவே இல்லை.

இப்போது பூச்சிக்கு வருவோம்.

மார்க் 1-க்கு அடுத்தது மார்க் 2. உள்ளே ஆயிரக்கணக்கான ரிலேக்கள். ரிலே என்றால் மின்சாரம் வந்தால் டக்கென்று மூடி, போனால் திறக்கிற சின்ன சுவிட்ச். யந்திரத்தை இயக்குகிறவர்கள் ஒரு நோட்டில் நேரம் போட்டு நடந்ததை எழுதுவார்கள். அதுதான் லாக் புக். செப்டம்பர் 9-ஆம் தேதிப் பக்கம் ஒன்று இன்றைக்கும் வாஷிங்டனில் ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதன் படத்தை நான் ஜூம் செய்து ரொம்ப நேரம் பார்த்தேன்.

காலை 8 மணிக்கு ஒரு கணக்கைத் தொடங்கியிருக்கிறார்கள். 10 மணிக்கு நிறுத்தியிருக்கிறார்கள். ஒரு இடத்தில் 2.130476415 என்று வந்த விடையையும், 2.130676415 என்று வந்திருக்க வேண்டும் என்பதையும் சேர்த்து எழுதியிருக்கிறார்கள். நாலாவது தசம இடத்தில் 6-க்குப் பதில் 4. அவ்வளவுதான் வித்தியாசம், ஆனால் வந்ததும் வர வேண்டியதும் ரெண்டுமே பக்கத்தில் இருக்கிறது. குறிப்பிட்ட ரிலேக்கள் வேகச் சோதனையில் தோற்றதையும் மாற்றப்பட்டதையும் குறித்திருக்கிறார்கள். மதியம் 3.25-க்கு பெருக்கல், கூட்டல் சோதனை ஆரம்பம். 3.45-க்கு எஃப் பேனல், 70-வது ரிலே. உள்ளே ஒரு அந்துப்பூச்சி. அதை எடுத்து நோட்டிலேயே டேப் போட்டு ஒட்டி, நிஜமாகவே ஒரு பக் அகப்பட்டது இதுதான் முதல் தடவை என்கிற மாதிரி ஒரு ஜோக்கைக் கீழே எழுதிவிட்டார்கள். 4.30-க்கு ஆர்க்-டேஞ்சென்ட் கணக்கு தொடங்கியது. 5 மணிக்கு யந்திரத்தை மூடிவிட்டுப் போய்விட்டார்கள்.

அந்த ஜோக்கே ஒரு சாட்சி. பக் என்ற சொல் அவர்களுக்கு முன்பே தெரிந்திருந்தால்தானே நிஜமாகவே என்று சொல்லிச் சிரிக்க முடியும்? எடிசன் காலத்திலிருந்தே இன்ஜினியர்கள் யந்திரக் கோளாறுக்கு அந்தச் சொல்லைப் பயன்படுத்தி வந்தார்கள். அதனால் பக் என்ற சொல்லை ஹாப்பர் உருவாக்கவில்லை. பூச்சியைப் பிடித்ததும் அவர் இல்லை. அன்று யந்திரத்தை இயக்கிய குழுவினர். ஹாப்பர் செய்தது, அடுத்த நாற்பது வருஷம் மேடை மேடையாக அந்தக் கதையைச் சொன்னது. உலகத்துக்குக் கதைதான் ஞாபகம் இருக்கிறது.

இன்னொரு வேடிக்கை. பக்கத்தின் தலைப்பில் 9/9 என்று மட்டும்தான் இருக்கிறது. வருஷம் இல்லை! அதனால் பல வருஷங்கள் இந்தப் படம் 1945 என்ற தேதியோடு சுற்றியது. ஹாப்பரே கதை சொல்லும்போது 1945 என்று சொல்லியிருக்கிறார். மார்க் 2 ஓடத் தொடங்கியது அதற்கு அப்புறம்தான் என்பதால் இப்போது 1947 என்று வைத்திருக்கிறார்கள். கூட இருந்தவரின் ஞாபகமே ரெண்டு வருஷம் பிசகும்போது நம்ம ஞாபகம் எம்மாத்திரம். இதைப் படித்துவிட்டு என் லாக்கேட் வரிகளைப் பார்த்தேன். மாதம், தேதி, நேரம் மில்லிசெகண்ட் வரைக்கும் இருக்கிறது. சாதாரணமாக வருகிற வடிவத்தில் வருஷம் அங்கேயும் இல்லை.

ஆனாலும் அந்தப் பக்கத்தைப் பாருங்க. எப்போது, எந்த பேனல், எந்த ரிலே, அப்போது என்ன ஓடிக்கொண்டிருந்தது, என்ன வந்தது, என்ன வந்திருக்க வேண்டும், அதற்கு அப்புறம் என்ன செய்தார்கள், ஆதாரம் எங்கே? ஆதாரத்தை ஒட்டியே வைத்துவிட்டார்கள். எழுபத்தைந்து வருஷம் கழிச்சு ஆண்டிமடத்துல உட்கார்ந்து படிக்கிற எனக்கு அந்த மதியம் புரியுது. ஒரு வருஷம் முன்னாடி நானே எழுதின எரர் 2 எனக்குப் புரியல.

போர் முடிந்த பிறகான வருஷங்கள் அவருக்கு லேசாக இல்லை. ஹார்வர்டில் நிரந்தர வேலை கிடைக்கவில்லை. 1949-ல் வெளியேற வேண்டி வந்தது. குடிப்பழக்கம் பிடித்துக்கொண்டது, நண்பர்கள் கவலைப்பட்டுக் கடிதம் எழுதுகிற அளவுக்கு. வாழ்க்கைக் குறிப்புகள் பல இந்தப் பகுதியைத் தாண்டிப் போய்விடும். அந்த நிலையில்தான் 42 வயதில் ஃபிலடெல்ஃபியாவில் எக்கர்ட்-மாக்லி என்ற சின்ன கம்ப்யூட்டர் கம்பெனியில் சேர்ந்தார். இன்றைய பாஷையில் ஸ்டார்ட்அப். யூனிவாக் என்ற யந்திரத்தைக் கட்டிக்கொண்டிருந்தார்கள்.

அங்கே அந்தப் பழைய நோட்டு விஷயத்தைக் கையில் எடுத்தார். புரோகிராம் துண்டுகளை நாம் ஏன் பார்த்து எழுத வேண்டும்? ஒவ்வொன்றுக்கும் ஒரு எண் கொடுத்து டேப்பில் போட்டுவிட்டால், யந்திரமே தேடி எடுத்து, இடத்தை மாற்றிக் கூட்டிக் கழித்துக் கோர்த்துவிடாதா? 1952-ல் ஏ-0 வந்தது. அதை அவர் கம்பைலர் என்று அழைத்தார். இன்றைய கணக்கில் பார்த்தால் அது லிங்கர், லோடர் செய்கிற வேலைக்குப் பக்கம்; ஆனால் புரோகிராமை எழுதுகிற வேலையையே யந்திரத்திடம் கொடுக்கலாம் என்ற யோசனை அதில் இருந்தது. கம்ப்யூட்டர் கணக்குதான் போடும், புரோகிராம் எழுதாது என்று சொல்லிப் பலர் நம்ப மறுத்தார்கள்.

அடுத்து இன்னும் ஒரு படி மேலே போனார். கணக்குப் பிள்ளைகளுக்கும் ஆபீஸ் மேனேஜர்களுக்கும் குறியீடு எதற்கு? சாதாரண வார்த்தைகளிலேயே எழுதட்டும், யந்திரம் மாற்றிக்கொள்ளட்டும். மாதிரியைக் காட்டப் போன இடத்தில் அவர் சொன்ன கதை எனக்கு ரொம்பப் பிடித்தது. ஆங்கில வார்த்தைகளில் எழுதிய புரோகிராம் ஓடியது. அதே புரோகிராமை ஃப்ரெஞ்சு வார்த்தைகளிலும் ஜெர்மன் வார்த்தைகளிலும் ஓட்டிக் காட்டினார். யந்திரத்துக்கு எல்லாமே எழுத்துக் கோர்வைதானே. மேலதிகாரிகளுக்கு அதிர்ச்சி. அமெரிக்காவில் செய்த யந்திரத்துக்கு ஃப்ரெஞ்சும் ஜெர்மனும் எப்படிப் புரியும் என்று பயந்துபோய், ஆங்கிலம் மட்டும்தான் என்று உறுதி வாங்கிக்கொண்டுதான் விட்டார்களாம். தமிழ்ல காட்டியிருந்தா மயக்கம் போட்டிருப்பாங்க போல.

அந்த வேலைதான் ஃப்ளோ-மேட்டிக் ஆனது. 1959-ல் கம்பெனிகளும் அமெரிக்க அரசும் சேர்ந்து எல்லா யந்திரத்திலும் ஓடக்கூடிய ஒரு பொது மொழியைச் செய்ய உட்கார்ந்தபோது, அதற்குப் பெரிய அடித்தளமாக இருந்தது ஃப்ளோ-மேட்டிக். அப்படி வந்தது கோபால். அதை உருவாக்கிய குழுவில் ஜீன் சாமட் போல வேறு பலர் இருந்தார்கள், ஹாப்பர் ஆலோசகர். கோபாலின் தாய் என்று அவரை மட்டும் சொல்வது மற்றவர்களுக்கு நியாயம் இல்லை. 1960 டிசம்பரில் ஒரே கோபால் புரோகிராம் இரண்டு வேறு வேறு கம்பெனி யந்திரங்களில் ஓடியது. ஒரே ஏபிகே பத்து கம்பெனி போன்ல ஓடுறது நமக்குச் சாதாரணம்; அப்போ அது செய்தி.

கடற்படை அவரை 1966 கடைசியில் ஓய்வு கொடுத்து அனுப்பியது. ஏழெட்டு மாசம்கூட ஆகவில்லை, 1967 ஆகஸ்டில் திரும்பக் கூப்பிட்டது. காரணம், கடற்படைக்குள்ளேயே ஆளாளுக்கு ஒரு கோபால் வைத்திருந்தார்கள். அதையெல்லாம் ஒரே தரத்துக்குக் கொண்டுவர வேண்டும். ஆறு மாசத்துக்கு என்று போனவர் 1986 வரை இருந்தார். ரியர் அட்மிரலாக ஓய்வு பெற்றபோது வயது 79.

இந்தக் காலத்தில்தான் அவர் மேடைகளில் கம்பித் துண்டுகளைக் கொடுத்தது. நானோ செகண்ட் என்றால் என்னவென்று அதிகாரிகளுக்குப் புரியவில்லை. ஒளி ஒரு நானோ செகண்டில் போகக்கூடிய தூரம் 11.8 அங்குலம், கிட்டத்தட்ட நம்ம ஸ்கேல் நீளம். அந்த அளவுக்கு டெலிபோன் கம்பியை வெட்டி ஆளுக்கு ஒன்று கையில் கொடுத்துவிடுவார். மைக்ரோ செகண்டுக்கு ஒரு பெரிய கம்பிச் சுருளே வைத்திருந்தார், கிட்டத்தட்ட 300 மீட்டர். செயற்கைக்கோள் வழியாகப் போகிற செய்தி ஏன் தாமதமாகிறது என்று கேட்கிற தளபதிக்கு அந்தக் கம்பியைக் காட்டினால் போதும். அவர் அறையில் ஒரு கடிகாரம் இடமிருந்து வலமாகச் சுற்றாமல் தலைகீழாகச் சுற்றும். இப்படித்தான் எப்போதும் செய்தோம் என்று யாராவது சொன்னால் அதைக் காட்டுவதற்காக.

1992 ஜனவரி 1 அன்று காலமானார். ஆர்லிங்டனில் ராணுவ மரியாதையோடு அடக்கம். ஒரு போர்க்கப்பலுக்கு அவர் பெயர் வைத்திருக்கிறார்கள். 2016-ல் அமெரிக்காவின் ஜனாதிபதி சுதந்திரப் பதக்கம், இறந்து 24 வருஷம் கழித்து.

எரர் 2 கதையைப் பாதியில விட்டுட்டேன். கோடில் தேடினா அந்த வரி நாலு இடத்துல இருந்துச்சு. ஒரு கேட்ச் பிளாக்கை எழுதி, மத்த மூணு இடத்துலயும் காப்பி பேஸ்ட் பண்ணியிருக்கேன். ஹாப்பரும் பிளாக்கும் நோட்டு பார்த்து எழுதின அதே தப்பு. எக்ஸெப்ஷனைப் பிடிச்சு, உள்ளே என்ன இருக்குன்னு பார்க்காம, எரர் 2ன்னு எழுதிட்டு முழுங்கியிருக்கேன். முதல் வேலையா நாலு இடத்துக்கும் நாலு பேர் வச்சேன். எந்த ஃபங்ஷன், யாரோட எடை, எத்தனை கிலோ, அதோட முழு எக்ஸெப்ஷனும். லாக்கேட்டை என் ஆப் பேக்கேஜுக்கு மட்டும் ஃபில்டர் பண்ணினேன், சந்தைக்கடை அடங்கிடுச்சு. பெரியப்பா மாதிரியே தோப்புக்குப் போய், டவர் வந்து வந்து போற இடத்துல நின்னு எடை போட்டேன்.

இந்தத் தடவை ஒரு பெரிய ஸ்டாக் டிரேஸ் வந்துச்சு. பார்த்தா பயமா இருக்கும், நாப்பது அம்பது வரி. மேல இருக்கிறது பெரும்பாலும் விளைவுதான். காஸ்டு பைன்னு தொடங்குற வரிகள்ல கடைசியா இருக்கிறதுக்குப் போங்க, அதுக்குக் கீழே உங்க பேக்கேஜ் பேர் முதல்ல எங்க வருதுன்னு பாருங்க. எனக்கு அங்கே சாக்கெட் டைம்அவுட்ன்னு இருந்துச்சு. டவர் இல்லாததால சர்வர் பதில் சொல்லல. ஆனா என் ஆப், பதில் வர்றதுக்கு முன்னாடியே சேமிக்கப்பட்டதுன்னு ஸ்கிரீன்ல காட்டியிருக்கு. பெரியப்பா அதை நம்பி அடுத்த மூட்டைக்குப் போயிருக்கார். ஆப் உண்மையிலேயே பொய் சொல்லியிருக்கு.

இப்போ எடை முதல்ல போன்லயே பதிவாகும், டவர் வந்ததும் சர்வருக்குப் போகும். போகலைன்னா பெரியப்பாவுக்குத் தமிழ்லயே ஒரு வரி வரும்: டவர் இல்லை, எடை போனில் பத்திரமா இருக்கு. எனக்கான வரி தனியா லாக்ல வரும், நேரத்தோட, இடத்தோட. வருஷத்தையும் சேர்த்துட்டேன்.

பெரியப்பா ஆப்பைத் திரும்ப உபயோகிக்கிறார். நோட்டு எழுதுறதை மட்டும் இன்னும் நிறுத்தல. நானும் நிறுத்தச் சொல்லல.